எல்லை ஊர்களில் அரசியல் அடைக்கலம் கேட்பவருக்கு நியாயமான விசாரணை: துணை நிற்பவர்களுக்கு ஒரு முழு வழிகாட்டி

களியக்காவிளை, ஆரியங்காவு, வாளையார் என்று கேரளப் பக்கம். ஆரம்பாக்கம், நகரி, குப்பம் என்று ஆந்திரப் பக்கம். இந்த ஊர்களில் தமிழ் தெரிந்த வக்கீலுக்கோ, கட்சிக்காரருக்கோ, கோயில் சர்ச் பொறுப்பாளருக்கோ திடீரென்று போன் வரும்: “சிலோன்காரர் ஒருத்தரை ஸ்டேஷன்ல உக்கார வச்சிருக்காங்க. அவர் பேசறது இவங்களுக்குப் புரியல. கொஞ்சம் வந்து பேசறீங்களா?” அப்படிப் போய் நிற்பவர்களுக்காக எழுதியது இது. மாலத்தீவிலிருந்து திருவனந்தபுரம் வந்து திரும்பிப்போக அஞ்சுபவருக்கும், கேரளப் பல்கலைக்கழகத்தில் படிக்க வந்து 2021 ஆகஸ்டில் தாலிபான் ஆட்சியைப் பிடித்த பிறகு ஊர் திரும்ப வழியில்லாமல் போன ஆப்கன் மாணவருக்கும் பாதை ஏறக்குறைய இதேதான். பிரியும் இடங்களை அங்கங்கே சொல்கிறோம்.

ஒன்றை மனதில் வைத்துக்கொண்டு படியுங்கள். முதல் நாள் எழுதிய தாளும் கடைசி நாள் சொன்ன சொல்லும் ஒத்துப்போகாததால்தான் உண்மையான அடைக்கலக் கோரிக்கைகளும் விழுகின்றன. நம் எல்லைகளில் அந்த முதல் தாள் மலையாளத்திலோ தெலுங்கிலோ இருக்கும். கையெழுத்துப் போட்டவருக்கே அதில் என்ன எழுதியிருக்கிறது என்று தெரியாது.

எந்தக் கதவைத் தட்டுவது

இந்தியா 1951 அகதிகள் உடன்படிக்கையிலும் 1967 நெறிமுறையிலும் கையெழுத்திடவில்லை. அடைக்கலத்துக்கென்று தனிச் சட்டமும் இல்லை. திருவனந்தபுரம் எம்.பி. சசி தரூர் 2015இல் ஒரு தனிநபர் மசோதா கொண்டுவந்தார், அது சட்டமாகவில்லை. நடைமுறையில் இருப்பது 2025 செப்டம்பர் 1 முதல் அமலுக்கு வந்த குடியேற்றம் மற்றும் வெளிநாட்டவர் சட்டம். பாஸ்போர்ட், விசா இல்லாமல் நுழைந்தால் 5 ஆண்டு வரை சிறை, அல்லது 5 லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். 2015 ஜனவரி 9 வரை வந்து பதிவு செய்துகொண்ட இலங்கைத் தமிழர்களுக்கு மட்டும் மத்திய அரசு விலக்கு அளித்திருக்கிறது. அதற்குப் பிறகு வந்தவர், முன்பே வந்தும் பதியாதவர் இருவரும் அந்த விலக்குக்கு வெளியே நிற்கிறார்கள். அதனால் முதலில் கேட்க வேண்டிய கேள்வி: “எப்போது வந்தீர்கள், எங்கே பதிந்தீர்கள், அந்தச் சீட்டு எங்கே?”

இலங்கைத் தமிழர் என்றால் கதவு தமிழ்நாடு அரசுடையது. ராமேசுவரம் அருகே மண்டபம் முகாமில் வைத்து, தமிழ்நாடு போலீசின் உளவுப் பிரிவான கியூ பிராஞ்ச் விசாரிக்கும்; பிறகு மறுவாழ்வுத் துறை. இலங்கையின் 2022 பொருளாதார நெருக்கடிக்குப் பின் தனுஷ்கோடியில் இறங்கியவர்களை மண்டபம் முகாமில் தங்க வைத்தார்கள், ஆனால் அகதியாகப் பதியவில்லை. கேரளத்திலும் ஆந்திரத்திலும் இப்படிப்பட்ட முகாம்கள் கிடையாது. கும்மிடிப்பூண்டி முகாமிலிருந்து தடா, சூளூர்பேட்டைப் பக்கம் கூலிக்குப் போகிறவர்களும், மேற்கு மாவட்ட முகாம்களிலிருந்து பாலக்காட்டுக்குப் பெயிண்டிங் வேலைக்குப் போகிறவர்களும் முகாம் அதிகாரியின் அனுமதிச் சீட்டைக் கையோடு வைத்திருக்க வேண்டும். இல்லாவிட்டால் பதிவுள்ள அகதியே சட்டவிரோதக் குடியேறியாகப் பிடிபடுவார். (புனலூர், குளத்தூப்புழை ரப்பர் தோட்டங்களில் இருக்கும் குடும்பங்கள் வேறு, அவர்கள் 1964 சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தப்படி தாயகம் திரும்பிய இந்தியக் குடிமக்கள். எல்லாரையும் ஒரே மூட்டையில் கட்டிவிடுவது போலீசார் மட்டும் செய்யும் தவறல்ல.)

மற்ற நாட்டவருக்குப் பொதுவாக டெல்லியில் உள்ள ஐ.நா. அகதிகள் முகமை, அதாவது யு.என்.எச்.சி.ஆர்., தானே விசாரித்து அகதி நிலையைத் தீர்மானிக்கிறது. இதற்குக் கட்டணம் ஒரு பைசா கிடையாது. காசு கேட்பவர் புரோக்கர். அவர் யாராக இருந்தாலும் எழுந்து வந்துவிடுங்கள்.

மூன்றாவதாக, அதிகம் பேர் அறியாத வழி ஒன்று இருக்கிறது. அகதி என்று சொல்லும் வெளிநாட்டவரை எப்படிக் கையாள்வது என்று உள்துறை அமைச்சகம் 2011 டிசம்பர் 29 அன்று மாநிலங்களுக்கு ஒரு நடைமுறை வகுத்துக் கொடுத்தது. 2019 மார்ச்சில் திருத்தியது. இனம், மதம், பாலினம், தேசியம், அரசியல் கருத்து போன்ற காரணங்களால் துன்புறுத்தல் அச்சம் இருப்பதாக மேலோட்டமாகத் தெரிந்தால், பாதுகாப்புச் சரிபார்ப்புக்குப் பிறகு, கோரிக்கை வைத்த நாளிலிருந்து 30 நாட்களுக்குள் நீண்டகால விசாவுக்குப் பரிந்துரைக்கலாம் என்கிறது அது. அந்த 30 நாள் கணக்கு ஓட வேண்டுமானால் கோரிக்கை எழுத்தில், தேதியோடு இருக்க வேண்டும். கேரளத்தில் கொச்சி, கோழிக்கோடு, திருவனந்தபுரத்தில் எஃப்.ஆர்.ஆர்.ஓ. என்ற வெளிநாட்டவர் மண்டலப் பதிவு அலுவலகங்கள் உண்டு; அந்த அலுவலகம் இல்லாத மாவட்டங்களில் எஸ்.பி.தான் வெளிநாட்டவர் பதிவு அதிகாரி.

கேட்கும் இடமும் முறையும் எவ்வளவு முக்கியம் என்பதற்குத் தூத்துக்குடியில் நடந்ததே சாட்சி. 2019 ஆகஸ்டில் மாலத்தீவின் முன்னாள் துணை அதிபர் அகமது அதீப் ஒரு இழுவைக் கப்பலில் அங்கே வந்து சேர்ந்தார். அனுமதிக்கப்பட்ட நுழைவிடம் வழியாக வரவில்லை, ஆவணம் இல்லை என்று சொல்லி அவரை இறங்கவே விடவில்லை. கப்பல் திரும்பிப் போனது. ஒரு நாட்டின் துணை அதிபராக இருந்தவருக்கே அந்தக் கதி என்றால் மீன்பிடிப் படகில் வருபவரைப் பற்றிச் சொல்லவே வேண்டாம்.

ஸ்டேஷனில் முதல் 24 மணி நேரம்

நீங்கள் அங்கே மொழிபெயர்க்கப் போகிறீர்களா, துணைக்குப் போகிறீர்களா என்பதை முதலிலேயே முடிவு செய்துகொள்ளுங்கள். மொழிபெயர்ப்பவர் சுருக்கக் கூடாது, சேர்க்கக் கூடாது, அவருக்குப் பதிலாகப் பதில் சொல்லக் கூடாது. “பாவம் சார், அவருக்கு ஒண்ணும் தெரியாது” என்று நீங்கள் நல்ல எண்ணத்தில் சொன்னது “எனக்கு எதுவும் தெரியாது” என்று அவர் வாக்குமூலத்தில் ஏறிவிடும். அரசியல் காரணத்துக்காக ஓடிவந்தவரின் கோரிக்கையை அந்த ஒரு வரியே குழிதோண்டிப் புதைக்கும்.

அடுத்து, அவரைச் சாட்சியாக விசாரிக்கிறார்களா, கைது செய்திருக்கிறார்களா என்று கேளுங்கள். கைது என்றால் காரணத்தை எழுத்தில், அவருக்குப் புரியும் மொழியில் கொடுக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2025 நவம்பரில் சொல்லியிருக்கிறது. 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும். வக்கீலைப் பார்க்க விட வேண்டும். வெளிநாட்டவருக்கும் இது பொருந்தும். காவலில் இருப்பவர் யாராக இருந்தாலும் இலவச சட்ட உதவிக்குத் தகுதி உண்டு. மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்கு 15100 என்ற எண்ணில் சொல்லலாம்.

கையெழுத்து விஷயம். விசாரணையின்போது சாட்சி போலீசிடம் சொல்லும் வாக்குமூலத்தில் அவர் கையெழுத்திடத் தேவையே இல்லை. போலீசிடம் கொடுக்கும் குற்ற ஒப்புதலும் நீதிமன்றத்தில் சான்றாகாது. “அப்போ போட்டா என்ன?” என்று ஸ்டேஷன் எழுத்தரான ரைட்டர் சிரிப்பார். அடைக்கலக் கோரிக்கையை விசாரிக்கும் அதிகாரிக்குச் சாட்சியச் சட்டம் தடையல்ல. அந்தத் தாள் அவர் கைக்குப் போனால் படிப்பார், ஒப்பிடுவார். ஆகவே மலையாளத் தாளோ தெலுங்குத் தாளோ, வரி வரியாகத் தமிழில் வாசித்துக் காட்டிய பிறகுதான் கையெழுத்து. அதற்கு மேலேயே, அவர் கையால், தமிழில் ஒரு வரி: “இது எனக்குத் தமிழில் வாசித்துக் காட்டப்பட்டது” அல்லது “இது எனக்கு வாசித்துக் காட்டப்படவில்லை.” இந்த ஒரு வரி பின்னால் பல பக்க விளக்கத்தை மிச்சப்படுத்தும்.

பிறகு ஒரு மனு. நீளம் வேண்டாம்:

“நான் இன்ன நாட்டைச் சேர்ந்தவன். என் அரசியல் கருத்து காரணமாக என் நாட்டில் துன்புறுத்தப்படுவேன் என்று அஞ்சுகிறேன். இந்தியாவில் அடைக்கலம் கேட்கிறேன். என்னைத் திருப்பி அனுப்ப வேண்டாம். நான் இங்கே இருப்பதை என் நாட்டுத் தூதரகத்துக்குத் தெரிவிக்க வேண்டாம். எனக்குத் தமிழ் மட்டுமே தெரியும், மொழிபெயர்ப்பாளர் வேண்டும். விரிவான விவரங்களைச் சட்ட ஆலோசனைக்குப் பிறகு தருகிறேன்.”

தூதரக வரி ஒப்புக்கு எழுதியது அல்ல. 1963 வியன்னா தூதரக உறவு உடன்படிக்கையின் 36ஆம் பிரிவுப்படி, பிடிபட்டவர் கேட்டுக்கொண்டால்தான் அவருடைய தூதரகத்துக்குச் சொல்ல வேண்டும். ஆனால் ஸ்டேஷனில் வழக்கமாக எல்லாருக்கும் தகவல் போகும். எந்த அரசுக்குப் பயந்து ஓடிவந்தாரோ அந்த அரசிடமே முகவரி போய்ச் சேரும். கடைசி வரிக்கும் காரணம் உண்டு. முதல் தாளில் கதை முழுக்க வர வேண்டியதில்லை. விவரம் பின்னால் வரும் என்பது பதிவாகியிருந்தால் போதும். “இதை ஏன் முதலிலேயே சொல்லவில்லை?” என்று பின்னால் கேட்டால் பதில் கையில் இருக்கும்.

மனுவை இரண்டு பிரதி எடுத்து ஒன்றில் ஒப்புகை வாங்குங்கள். வாங்க மறுத்தால் அன்றே எஸ்.பி. அலுவலகத்துக்குப் பதிவுத் தபால், கூடவே மின்னஞ்சல். ரிமாண்ட் செய்யும்போது மாஜிஸ்திரேட்டிடம் வாயால் சொல்லி, பதிவு செய்யும்படி கேட்க வேண்டும். ரிமாண்ட் வக்கீலுக்கு வெளிநாட்டவர் வழக்கு பழக்கமில்லாமல் இருக்கலாம். அவர் கையில் இந்த மனுவின் ஜெராக்ஸைக் கொடுத்தாலே பாதி வேலை முடிந்தது.

இங்கே ஓர் இக்கட்டு உண்டு, மறைக்க வேண்டாம். விடுதலைப் புலிகள் இயக்கம் 1992 முதல் இந்தியாவில் தடை செய்யப்பட்டது. அடைக்கலத்துக்கு வலுச் சேர்க்கும் அதே விவரம் போலீஸ் வழக்குக்கும் விறகாகும். அதனால் இயக்கத் தொடர்பு பற்றி வக்கீலைப் பார்க்கும் வரை ஸ்டேஷனில் எதுவும் சொல்லாமல் இருப்பது அவர் உரிமை. ஆனால் “தொடர்பே இல்லை” என்று பொய் சொல்லக் கூடாது. மௌனத்தைப் பின்னால் விளக்கலாம்; பொய்யை விளக்க முடியாது.

பெயர், தேதி, உறவு

நம்பகத்தன்மை என்று அதிகாரிகள் சொல்வது பெரும்பாலும் இந்த மூன்றில்தான் உடைகிறது.

பெயர். இலங்கைத் தமிழர் பெயரில் தந்தை பெயர் முன்னால் வரும். ஆந்திர ரைட்டர் முன்னால் இருப்பதை இண்டிப் பேர், அதாவது குடும்பப் பெயர், என்று எடுத்துக்கொண்டு தந்தை பெயர் என்ற கட்டத்தில் வேறு எதையோ எழுதுவார். கேரளத்தில் இனிஷியல் பெயருக்குப் பின்னால் போகும். இரண்டு எஃப்.ஐ.ஆர்., ஒரு முகாம் அட்டை, ஒரு தேசிய அடையாள அட்டை என்று நான்கு தாளில் நான்கு ஆட்கள் தோன்றிவிடுவார்கள். ஒவ்வொரு தாளிலும் பெயர் எப்படி இருக்கிறது, ஏன் என்று ஒரு பக்கப் பட்டியல் போட்டு, கோரிக்கையோடு முதல் நாளே கொடுத்துவிடுங்கள். அவர்கள் கண்டுபிடித்துக் கேட்பதற்கும் நீங்களே முன்வந்து சொல்வதற்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம்.

தேதி. பழைய இலங்கை அடையாள அட்டை எண்ணிலேயே பிறந்த தேதி இருக்கிறது. முதல் 2 இலக்கம் ஆண்டு, அடுத்த 3 இலக்கம் அந்த ஆண்டின் எத்தனையாவது நாள். பெண் என்றால் அதோடு 500 கூட்டியிருக்கும். எல்லா ஆண்டிலும் பிப்ரவரிக்கு 29 நாள் என்று வைத்துத்தான் இந்தக் கணக்கு. 85123 என்று தொடங்கினால் 1985 மே 2. சாதாரண நாட்காட்டியில் 123ஆவது நாளை எண்ணினால் மே 3 வரும். இந்த ஒரு நாள் பிசகைப் பிறப்புச் சான்றிதழோடு ஒப்பிட்டு “போலி” என்று முடிவு கட்டிவிட வாய்ப்புண்டு; விளக்கத்தை எழுதி வைத்துக்கொள்ளுங்கள். ஆப்கன் ஆவணங்களில் 1400 என்ற ஆண்டு 2021 மார்ச் 21இல் தொடங்கி 2022 மார்ச் 20இல் முடியும். அவசரத்தில் 621 கூட்டி எழுதினால் ஜனவரி முதல் மார்ச் வரை நடந்தவை ஓராண்டு முன்னால் போய்விடும்.

நாள் ஞாபகமில்லாதவரிடம் தேதியைப் பிடுங்காதீர்கள். “சுனாமிக்கு முன்னா பின்னா? 2009 மே மாதத்தில் எங்கே இருந்தீங்க? மூத்த பிள்ளை எத்தனாம் வகுப்பு? மாவீரர் நாள் கிட்டவா?” என்று கேட்டு, கிடைத்த பதிலை அப்படியே “2013 தைப்பொங்கலுக்குச் சில நாள் கழித்து” என்று எழுதுங்கள். ஊகித்த 18.01.2013ஐவிட அது எவ்வளவோ மேல். ஊகித்த தேதியை மூன்று மாதம் கழித்து யாராலும் ஞாபகம் வைத்திருக்க முடியாது.

உறவு. பெரியப்பா மகனையும் சித்தி மகனையும் நாம் அண்ணன் என்றே சொல்கிறோம். மொழிபெயர்ப்பில் அது உடன்பிறந்தவராகிவிடும். குடும்ப விவரப் படிவத்தில் சகோதரர் யாரும் இல்லை என்றிருக்க, நேர்காணலில் “அண்ணனை ஆமி பிடிச்சுக்கொண்டு போனது” என்று வரும். ஒவ்வொரு முறையும் “பெரியப்பாவின் மகன்” என்று முழுசாகச் சொல்லப் பழக்குங்கள். “காம்ப்” என்ற சொல்லும் அப்படித்தான்: ராணுவ முகாமா, அகதி முகாமா, பயிற்சி முகாமா, ஊர் பெயரோடு சொல்ல வேண்டும்.

அரசியல் காரணத்தைக் காட்டுவது

நான்கு கேள்விகளுக்கு எழுத்தில் பதில் தயாராக இருக்க வேண்டும். யார் துன்புறுத்துகிறார்கள்? அவர் கருத்தோ வேலையோ அவர்களுக்கு எப்படித் தெரிந்தது? திரும்பிப் போனால் இன்றைக்கு என்ன நடக்கும்? அதே நாட்டில் வேறு ஊரில் ஏன் பாதுகாப்பாக வாழ முடியாது?

அதிகம் கோட்டை விடுவது இரண்டாவது கேள்வியில். “என்னைத் தேடுகிறார்கள்” என்பதோடு நிறுத்திவிடுவார்கள். போஸ்டர் ஒட்டியபோது பார்த்தார்களா, கூட்டத்தில் படம் எடுத்தார்களா, பிடிபட்ட இன்னொருவர் பெயர் சொன்னாரா? அடுத்தது, “எனக்கும் அரசியலுக்கும் சம்பந்தமே இல்லை” என்ற பழக்கமான வாசகம். கட்சிக்கு நோட்டீஸ் அச்சடித்துக் கொடுத்த பிரஸ்காரருக்கும், காணாமல் போனவர்களுக்காகப் படத்தோடு வீதியில் உட்கார்ந்த தாய்க்கும் அரசியல் இல்லாமல் இருக்கலாம். அவர்களுக்கு அரசியல் இருப்பதாக அந்த அரசு நினைத்தாலே போதும். சுமத்தப்பட்ட கருத்தும் அரசியல் கருத்துதான்.

மூன்றாவது கேள்விக்குப் பழைய சித்திரவதை மட்டும் பதிலாகாது. அது வலுவான அடையாளம், ஆனால் விசாரணை எதிர்காலத்தைப் பற்றியது. அங்கே வழக்கு இருந்தால், அது சாதாரணக் குற்ற வழக்கா, தண்டிக்கும் சாக்கா என்று பிரித்துக் காட்ட வேண்டும். இலங்கையின் 1979 பயங்கரவாதத் தடைச் சட்டம் என்றால் எத்தனை நாள் குற்றச்சாட்டு இல்லாமல் வைத்திருந்தார்கள், எந்த மொழியில் கையெழுத்து வாங்கினார்கள் என்பவை முக்கியம்.

ஆயுதம் எடுத்தவர்கள் பற்றி, முகமை பின்பற்றும் 1951 உடன்படிக்கையின் 1எஃப் பிரிவு கடுமையானது: போர்க்குற்றம், மனித குலத்துக்கு எதிரான குற்றம், கடுமையான அரசியல் சாராத குற்றம் செய்தவருக்குப் பாதுகாப்பு இல்லை. வெறும் உறுப்பினர் என்பதால் மட்டும் யாரும் விலக்கப்படுவதில்லை. என்ன வேலை, எந்த வயதில், விரும்பிச் சேர்ந்தாரா, வீட்டுக்கு ஒருவர் என்று பிடித்துப் போனார்களா என்று அவர் முழுதாகச் சொன்னால்தான் அந்தப் பிரிவிலிருந்து மீள முடியும்.

சான்றுகள்

சான்று இல்லாமலும் கோரிக்கை வெல்லலாம். நிரூபிக்கும் சுமை இரு தரப்பும் பகிர்ந்துகொள்வது, மற்றபடி நம்பத்தக்கவருக்குச் சந்தேகத்தின் பலனைத் தர வேண்டும் என்று முகமையின் சொந்தக் கையேடே சொல்கிறது. போலிக் காகிதம் ஒன்று உள்ளே போனாலோ உண்மைக் காகிதங்களும் அதோடு சாகும். வாங்கித் தருகிறேன் என்று வரும் “பிடியாணை”யைத் தொடாதீர்கள்.

ஃபேஸ்புக் பதிவு என்றால் ஸ்கிரீன்ஷாட்டில் முகவரி வரியும் தேதியும் தெரிய வேண்டும். ஊரிலிருந்து வரும் தபாலின் உறையையும் வைத்திருங்கள். காயத் தழும்புக்கு அரசு மருத்துவமனைச் சீட்டு போதாது. சித்திரவதையை ஆவணப்படுத்தும் இஸ்தான்புல் நெறிமுறை தெரிந்த டாக்டர், தழும்பு சொல்லப்பட்ட காரணத்தோடு எந்த அளவு பொருந்துகிறது என்று எழுத வேண்டும். மனநலக் குறிப்பும் அப்படியே. ஞாபகம் தடுமாறுவதற்கு அது விளக்கமாகும்.

இன்னொன்று: அடைக்கலம் கேட்டுக்கொண்டே சென்னை இலங்கைத் துணைத் தூதரகத்துக்கோ திருவனந்தபுரம் மாலத்தீவுத் துணைத் தூதரகத்துக்கோ பாஸ்போர்ட் புதுப்பிக்கப் போனால், “அந்த அரசைத்தான் பயமில்லாமல் அணுகுகிறீர்களே” என்ற கேள்வி வரும். ஏற்கெனவே குழந்தையின் பிறப்பைப் பதியப் போயிருந்தால் ஏன், யார் போனார் என்று எழுதி வையுங்கள்.

நேர்காணல் நாள்

டெல்லி நேர்காணலுக்குக் கேரளா எக்ஸ்பிரஸ்தான் இரண்டு எல்லைக்கும் பொது. பாலக்காடு வழியாகவும் திருப்பதி வழியாகவும் போகிறது. இரண்டு இரவு தாண்டும், தாமதமும் உண்டு. நேர்காணலன்று காலையில் போய் இறங்குவதாகத் திட்டம் போடாதீர்கள். தூக்கமில்லாதவர் பேச்சு முன்னுக்குப் பின் முரணாகத்தான் வரும்.

பெண் அதிகாரி, பெண் மொழிபெயர்ப்பாளர் வேண்டுமென்றால் முன்கூட்டியே கேட்க வேண்டும். கணவன் மனைவியைத் தனித்தனியாக விசாரிப்பார்கள். மனைவிக்குத் தனியாக ஒரு காரணம் இருக்கலாம், கணவர் முன் சொல்ல முடியாத காரணம்கூட. சொன்னது அவர்களின் அரசுக்குப் போகாது என்பதை முதல் நாளே புரியவையுங்கள்.

உள்ளே செய்ய வேண்டியவை எளிமையானவை. கேள்வி புரியாவிட்டால் மறுபடி கேட்கச் சொல்லலாம். தெரியாததைத் தெரியாது என்றும், மறந்ததை மறந்தேன் என்றும் தனித்தனியாகச் சொல்ல வேண்டும். மொழிபெயர்ப்பு தவறினால் அந்த நிமிடமே நிறுத்த வேண்டும். வெளியே வந்து சொன்னால் யாரும் நம்பமாட்டார்கள். களைப்பு, தலைவலி என்றால் இடைவேளை கேட்கலாம். முடிவில் பதிவை வாசித்துக் காட்டக் கேட்க வேண்டும். மனப்பாடம் செய்துவிட்டுப் போகவே கூடாது. அதிகாரி நடுவிலிருந்து கேட்பார், ஒப்பித்தவர் தடுக்கி விழுவார்.

வெளியே வந்தவுடன் டீக்கடையில் உட்கார்ந்தாவது கேட்ட கேள்விகளையும் சொன்ன பதில்களையும் எழுதி வாங்குங்கள். மேல்முறையீடு வந்தால் அந்த நோட்டுதான் உங்கள் கையில் இருக்கும் ஒரே பதிவு.

மறுத்தால்

மறுப்புக் கடிதம் கிடைத்ததிலிருந்து மேல்முறையீட்டுக்கு 30 நாள். அதை முதலில் விசாரித்தவரல்லாத வேறு அதிகாரி பார்க்க வேண்டும். கதையை மறுபடி எழுதி அனுப்புவது வீண். கடிதத்தில் சொன்ன ஒவ்வொரு காரணத்தையும் எடுத்து, இது மொழிபெயர்ப்புப் பிழை, இது தேதிக் கணக்குப் பிழை, இதற்குப் புதிய சான்று இது என்று எதிரே எழுதுங்கள்.

நாடு கடத்தும் ஆபத்து நெருங்கினால் அரசியலமைப்பின் 226ஆவது பிரிவில் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. உத்தரவு போட்ட இடத்தில் மட்டுமல்ல, வழக்குக்கான காரணம் பகுதியாகவாவது எழுந்த இடத்திலும் தொடரலாம். எனவே எர்ணாகுளமா, அமராவதியா, சென்னையா, மதுரைக் கிளையா என்று வக்கீலோடு உட்கார்ந்து தேர்ந்தெடுங்கள். துணைக்கு வரும் தீர்ப்புகள்: வெளிநாட்டவருக்கும் வாழ்வுரிமை தரும் 21ஆவது பிரிவு உண்டு என்ற 1996 சக்மா வழக்கு, திருப்பி அனுப்பாமைக் கொள்கையை ஏற்ற 1998 குஜராத் தீர்ப்பு, மியான்மரிலிருந்து வந்தவர்கள் முகமையை அணுக டெல்லி போக வழிவிட்ட 2021 மணிப்பூர் தீர்ப்பு. எதிர்த் தரப்பு நீட்டுவது ரோஹிங்யா அகதிகளை அனுப்புவதைத் தடுக்க மறுத்த 2021 ஏப்ரல் உச்ச நீதிமன்ற உத்தரவையும், இலங்கைத் தமிழர் ஒருவரின் மனுவில் இந்தியா தர்ம சத்திரமல்ல என்று உச்ச நீதிமன்றம் 2025 மே மாதம் சொன்னதையும். இரண்டுக்கும் பதில் வைத்துக்கொண்டே மனு எழுத வேண்டும். குறைந்தபட்சக் கோரிக்கையாக, “அடைக்கல விண்ணப்பத்தை விசாரித்து முடிக்கும் வரை அனுப்பக் கூடாது” என்பது, “அனுப்பவே கூடாது” என்பதைவிடக் கிடைக்க வாய்ப்புள்ளது.

ஜாமீனில் வந்த பிறகும் திருச்சி சிறப்பு முகாமுக்கோ கேரளத்தின் இடைத்தங்கல் இல்லத்துக்கோ அனுப்பலாம். குடும்பத்துக்கு முன்பே சொல்லி வையுங்கள். வீடு கொடுத்தவர் வெளிநாட்டவர் தங்குவதை 24 மணி நேரத்துக்குள் பதிவு அதிகாரிக்குத் தெரிவிக்க வேண்டும், உறவுக்காரர் என்றாலும். முகவரியோ சிம் கார்டோ மாறிய அன்றே முகமைக்கும் பதிவு அலுவலகத்துக்கும் எழுதி ஒப்புகையை வைத்திருங்கள். அழைப்பு பழைய எண்ணுக்குப் போய், ஆள் வரவில்லை என்று கோப்பை மூடிவிட்டால் அதைத் திறக்க வைப்பது புது விண்ணப்பத்தைவிடக் கஷ்டம்.